கேட்டால் தருவாராம்!

கேள்வி: கணவரின் அடி தாங்காமல் வெளியேறி மூன்று வருடமாகிறது. எட்டு வயது மகளுடன் அம்மா வீட்டில் இருக்கிறேன். பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை. நகையெல்லாம் கணவர் வீட்டிலேயே நின்றுவிட்டது. அண்ணன் தங்கமானவர். என் சம்பள ஏ.டி.எம். கார்டுகூட அவரிடம்தான் இருக்கிறது, கேட்டால் தருவார். ஆனாலும் யாராவது குரலை உயர்த்தினால் கை நடுங்குகிறது. பழைய தைரியம் திரும்ப வருமா?
– ஒரு வாசகி, திருப்பூர்

பதில்: தைரியத்தைப் பிறகு பார்க்கலாம். அந்தக் கார்டு ஏன் அண்ணன் சட்டைப்பையில் இருக்கிறது?

கணவரின் அடியைப் பற்றித் தடுமாறாமல் எழுதியிருக்கிறீர்கள். 'அவரிடம்தான்' என்ற சொல்லை மட்டும் எழுதி, அடித்து, மறுபடி எழுதியிருக்கிறீர்கள். நாள் முழுக்க நின்று ஓட்டையும் எண்ணெய்க் கறையும் தேடிச் சம்பாதித்த பணம் அது. அதிலிருந்து மகளுக்கு நோட்டு வாங்க நூறு ரூபாய் வேண்டுமென்றால் ஒருவர் முகத்தைப் பார்த்து நிற்க வேண்டும். கணவர் வீட்டிலும் இப்படித்தானே நின்றீர்கள்?

அண்ணனைக் குறை சொன்னால் உங்களுக்குக் கோபம் வரும், தெரியும். 'புருஷன் என்றால் அப்படித்தான்' என்று தங்கையைத் திரும்ப பஸ் ஏற்றிவிட்ட அண்ணன்களைப் பற்றி எனக்கு நிறையக் கடிதங்கள் வந்திருக்கின்றன. உங்கள் அண்ணன் கதவைத் திறந்தார், நல்ல மனிதர்தான். ஆனால் தங்கைக்கு இடம் கொடுப்பது அண்ணன் கடமை. கடமைக்கு யாராவது ஈடு வாங்குவார்களா? உங்களுக்கும் கடமை உண்டு. சம்பளத்தன்று வீட்டுச் செலவில் உங்கள் பங்கை உங்கள் கையாலேயே அண்ணியிடம் எண்ணிக் கொடுங்கள். மகள் அதைப் பார்க்கட்டும்.

நடுக்கத்துக்கு மனநல மருத்துவரைப் பாருங்கள், தள்ளிப் போடாதீர்கள். நகையை ஏன் விட வேண்டும்? 2005ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைச் சட்டத்தில் சீதனத்தைத் திரும்பக் கேட்கலாம், மகளுக்கு ஜீவனாம்சமும் கேட்கலாம். மாவட்டத்தில் இதற்கென்றே பாதுகாப்பு அலுவலர் இருக்கிறார். பெண்களுக்கு, சம்பளம் எவ்வளவானாலும், இலவச சட்ட உதவி உண்டு. வருடங்கள் ஓடிவிட்டதே என்று தயங்காதீர்கள். இந்தச் சட்டத்தில் மனுப் போட ஒரு வருடக் கெடு கிடையாது என்று 2022இல் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது.

இன்றிரவே அண்ணனிடம் கார்டைக் கேளுங்கள். இழுத்தடித்தால் சண்டை போட வேண்டாம். ஆதாரையும் பாஸ்புக்கையும் எடுத்துக்கொண்டு வங்கிக்குப் போய்ப் பழைய கார்டை முடக்கிவிட்டுப் புதியதற்கு எழுதிக் கொடுங்கள். இரண்டாம், நான்காம் சனிக்கிழமை போய்ப் பூட்டிய கதவைப் பார்த்துவிட்டு வராதீர்கள், வேலை நாளில் அரை நாள் லீவு போடுங்கள். கணக்கில் யாருடைய கைபேசி எண் பதிவாகியிருக்கிறது என்றும் அங்கேயே கேளுங்கள். அண்ணன் எண்ணாக இருந்தால் மாற்றிவிட்டு, அப்புறம் எனக்கு எழுதுங்கள்.