இசையை மியூட் செய்துவிட்டுப் பாருங்கள்

கேள்வி: ஏழு நிமிடச் சோதனைக் குறும்படம் எடுத்திருக்கிறேன். வசனமே கிடையாது. காலி வீட்டில் தனியாக இருக்கும் ஒரு பெண் பழைய கடிதங்களை ஒவ்வொன்றாகக் கிழிக்கிறாள். படம் முழுக்கப் பின்னணி இசை போட்டேன். பார்த்தவர்கள் "பாட்டு வீடியோ மாதிரி இருக்கிறது" என்கிறார்கள். எங்கே தவறு?

பதில்: இசை ட்ராக்கை மியூட் செய்யுங்கள். அழிக்க வேண்டாம், மனம் மாறலாம். படத்தை ஒலியில்லாமல் ஒருமுறை பாருங்கள். அடுத்து, திரையை மறைத்துவிட்டு மற்ற ஒலிகளை மட்டும் கேளுங்கள். படங்களை ஆராய பிரெஞ்சு ஒலி ஆய்வாளர் மிஷெல் சியோன் சொல்லித்தரும் வழி இது. ஒலியில்லாதபோது எந்த ஷாட் தொய்கிறதோ, அதற்குத்தான் இசை இத்தனை நாள் முட்டுக்கொடுத்திருக்கிறது. அதை எடிட்டில் குறையுங்கள்.

அப்புறம், கண்ணுக்குத் தெரிவதையே ஒலி திரும்பச் சொல்ல வேண்டியதில்லை. சோவியத் இயக்குநர்கள் ஐசென்ஸ்டைன், புதோவ்கின், அலெக்ஸாந்த்ரோவ் மூவரும் சினிமா ஒலி பற்றிய 1928 அறிக்கையிலேயே ஒலியும் படமும் ஒத்துப்போகாமல் மோதட்டும் என்றார்கள். ஆனால் எதுவுமே எங்கேயும் பொருந்தாவிட்டால், சிங்க் (ஒலியும் படமும் ஒரே நேரத்தில் பொருந்துவது) தவறிய படம் என்றுதான் நினைப்பார்கள். பலரும் சறுக்குவது இங்கேதான்.

ஆகவே ஓரிரு இடத்தில் கெட்டியாக முடிச்சுப் போடுங்கள். கடிதம் கிழியும் க்ளோசப்பில், காய்ந்த சுள்ளி முறியும் சத்தத்தை மிகச் சரியாக அதே ஃபிரேமில் வையுங்கள். காகிதம் அப்படிச் சத்தம் போடாது என்று தெரிந்தும் மூளை இரண்டையும் ஒட்டவைத்துவிடும். சியோன் இதற்கு 'சின்கிரெசிஸ்' என்று பெயர் வைத்தார். பிறகு ஆளில்லாத அறையைக் காட்டும்போது அதே சுள்ளிச் சத்தம் கேட்டால் போதும், கடிதம் கிழிவதைத் தனியாகக் காட்ட வேண்டாம். வைக்கும்போது கவனம்: விநாடிக்கு 24 ஃபிரேம் வேகத்தில் ஒரு ஃபிரேம் சுமார் 42 மில்லி விநாடி. ஒலி ஓரிரு ஃபிரேம் முந்தினாலே உறுத்தும். அதே அளவு பிந்தினால் அவ்வளவாகத் தெரியாது. மின்னலுக்குப் பின் இடி கேட்டுப் பழகியவர்கள்தானே நாம்!

அந்த வீட்டின் ரூம் டோன், அதாவது யாரும் பேசாமல் அசையாமல் இருக்கும்போதும் அறையில் கேட்கும் மெல்லிய ஒலி, ஒரு நிமிடமாவது பதிவு செய்தீர்களா? இல்லையென்றால் ரெக்கார்டரோடு திரும்பப் போங்கள். ட்ராக்கை வெறுமையாக விட்டால் அமைதி வராது, ஸ்பீக்கர் நின்றுபோன மாதிரி இருக்கும்.

இவ்வளவும் முடிந்தபின் இசையைத் திரும்பக் கொண்டுவாருங்கள். எங்காவது அரை நிமிடத்துக்குத் தேவைப்படலாம். கடைசி ஷாட்டில் மட்டும் வேண்டாம். பார்ப்பவரை அழச் சொல்லி ஜாடை காட்டுகிற மாதிரி ஆகிவிடும்.