நியூசிலாந்து கொடியை மாற்ற வாக்கெடுப்பு நடத்தியும் ஏன் மாற்றவில்லை?

பழைய கொடியே போதும் என்று மக்கள் சொல்லிவிட்டார்கள். முதல் வாக்கெடுப்பு புது வடிவத்தைத் தேர்ந்தெடுக்க; அதையும் பழைய கொடியையும் மோதவிட்டு 2016 மார்ச்சில் நடந்த இரண்டாம் வாக்கெடுப்பில் 56.6 சதவீதம் பேர் பழைய கொடிக்கே வாக்களித்தார்கள்.

மாற்றக் கேட்டவர்களின் வாதம் எளிது: மூலையில் பிரிட்டன் கொடி எதற்கு? அதோடு, ஆஸ்திரேலியக் கொடிக்கும் இதற்கும் வித்தியாசம் கண்டுபிடிக்கவே கண்ணாடி போட வேண்டும்! (நட்சத்திரங்களைப் பாருங்கள்: இங்கே நான்கு, சிவப்பு, அங்கே ஆறு, வெள்ளை.) எதிர்த்தவர்களோ, இந்தக் கொடியின் கீழ் போரிட்டு இறந்தவர்களை நினைவூட்டினார்கள்.

ஆனால் என் கணிப்பில் மாற்றத்தைக் கவிழ்த்தது அரசியல்தான். அப்போதைய பிரதமர் ஜான் கீ முன்னின்று தள்ளியதால், அவரைப் பிடிக்காதவர்களுக்குப் புதுக் கொடியும் பிடிக்கவில்லை. பத்தாயிரத்துக்கும் மேல் வடிவங்கள் வந்தன; கடைசியில் மிஞ்சிய வெள்ளிப் பெரணி இலை வடிவத்தை (நாட்டின் ரக்பி அணியின் சின்னமும் அந்த இலைதான்) பார்த்து, 'இது ரக்பி அணிக் கொடி மாதிரி இருக்கே' என்று முகம் சுளித்தவர்களும் உண்டு. செலவு சுமார் 2.6 கோடி நியூசிலாந்து டாலர்.