2,750 குதிரைத்திறன் இருந்தும் ஏன் ஐந்து இன்ஜின் பூட்டுகிறார்கள்? நியூசிலாந்தின் டிஎக்ஸ் கணக்கு

கேள்வி: குறுகிய பாதையில் ஓடும் டீசல்-எலக்ட்ரிக் சரக்கு இன்ஜின்களை ஏற்றத்தில் நான்கைந்தாகச் சேர்த்துப் பூட்டுவது ஏன்? ஒன்றையே இன்னும் சக்தி வாய்ந்ததாகச் செய்தால் போதாதா?

போதாது. சக்தி இருக்கிறது; அதைத் தண்டவாளத்தில் இறக்க வழியில்லை என்பதுதான் சிக்கல்.

முதலில் ஒரு சின்னத் தெளிவு. நம்மூரில் நேரோ கேஜ் என்றால் 762, 610 மி.மீ. பாதைகளை மட்டும் சொல்வோம். வெளிநாடுகளில் 1,435 மி.மீ.க்குக் குறைந்த எல்லாமே அந்தக் கணக்குதான். பொன்மலை ஷெட்டில் இருந்த மீட்டர் கேஜ் டீசல் இன்ஜின் ஒய்டிஎம்-4 கூட அதில் சேரும். நியூசிலாந்தின் பாதை 1,067 மி.மீ. அங்கே சரக்கு இழுக்கும் டிஎக்ஸ் வகை, அமெரிக்காவின் ஜெனரல் எலக்ட்ரிக் செய்த யு26சி மாடல். 1972க்கும் 1976க்கும் இடையில் 49 இன்ஜின்கள் வந்தன. 12 சிலிண்டர் டர்போ (காற்றை அழுத்தி ஊட்டும்) இன்ஜின், 2,050 கிலோவாட் (அதாவது 2,750 குதிரைத்திறன்), எடை 97.5 டன், ஆறு அச்சுக்கும் ஆறு டிராக்‌ஷன் மோட்டார் (சக்கரத்தைச் சுற்றும் மின்மோட்டார்). ஆக, ஓர் அச்சின் மேல் 16¼ டன். ஒய்டிஎம்-4இன் 72 டன்னோடு ஒப்பிட்டால் இது யானைதான்.

இனி கணக்கு. தெற்குத் தீவில் நிலக்கரி ரயில்கள் ஓட்டிராவிலிருந்து ஆர்தர்ஸ் பாஸுக்கு 8.5 கி.மீ. குகைக்குள் ஏற வேண்டும். ஏற்றம் 33க்கு 1, அதாவது 33 மீட்டர் போனால் 1 மீட்டர் உயரும். மும்பை-புனே பாதையில் உள்ள நம் போர் காட் மலையேற்றமே 37க்கு 1தான். இந்த ஏற்றத்தில் ஒவ்வொரு டன்னையும் மேலே இழுக்க 30 கிலோ விசை வேண்டும். உருளும் தடைக்கு இன்னும் ஒரு 4 கிலோ சேருங்கள், 34. காய்ந்த தண்டவாளத்தில் சக்கரத்தின் பிடிமானம் எடையில் 25 சதவீதம் என்று வைத்தால் டிஎக்ஸால் 24.4 டன் விசை தர முடியும். 34 கிலோவால் வகுத்தால் சுமார் 717 டன். இன்ஜினின் சொந்த எடையைக் கழித்தால் மிஞ்சுவது 620. குகைக்குள் ஈரமும் புகைக்கரியும் சேர்ந்து தண்டவாளத்தில் வழுக்கும் களிம்பு போலப் படியும். பிடிமானம் 18 சதவீதத்துக்கு இறங்கினால் அதே இன்ஜின் 420 டன்னோடு திணறும். குதிரைத்திறனை இரட்டிப்பாக்கினாலும் இந்த எண்ணில் ஒரு டன் கூடாது. சக்கரம் இன்னும் வேகமாக வழுக்கும், அவ்வளவுதான். இன்ஜின் எண்ணிக்கையைக் கூட்டுவதுதான் வழி.

வழுக்கலுக்கு, சக்கரத்துக்கு முன்னால் குழாய் வழியே தூவும் மணல்தான் முதல் மருந்து. ஆனால் மணல் ஈரமானால் குழாயிலேயே கட்டிக்கொள்ளும். குழாயின் வாய் தண்டவாளத்தின் தலைக்கு நேராக, சக்கரத்துக்கு ஒட்டினாற்போல் இருக்க வேண்டும். கொஞ்சம் விலகினாலும் மணல் வெளியே கொட்டும், சக்கரம் வழுக்கிக்கொண்டே இருக்கும். குகைக்கு முன்னால் மணல் பெட்டி நிறைந்திருக்கிறதா என்று மட்டும் பார்ப்பவர்கள் பாதி வேலைதான் செய்கிறார்கள். எல்லாக் குழாயிலும் மணல் விழுகிறதா என்று பார்க்க வேண்டும்.

இரண்டாவது தடை மோட்டார். 1,067 மி.மீ. பாதையில் இரு சக்கரங்களின் உள்முகங்களுக்கு இடையே ஒரு மீட்டருக்கும் குறைவான இடம்தான். அதற்குள்ளேயே மோட்டாரும் பல்சக்கரப் பெட்டியும் அடங்க வேண்டும். நம் பிராட் கேஜில் அங்கே சுமார் 1.6 மீட்டர் கிடைக்கிறது. இடம் குறைந்தால் ஆர்மேச்சரும் (மோட்டாரில் சுழலும் கம்பிச்சுருள் பகுதி) கம்யூட்டேட்டரும் (அதற்கு மின்சாரம் ஊட்டும் செம்பு வளையம்) குட்டையாகும், நெடுநேரம் தாங்கும் மின்னோட்டமும் குறையும். முழுச் சுமையோடு மெதுவாக ஊர்ந்தால் ஆம்பியர் ஏறும், சூடு ஏறும். குளிர்விக்கும் ஊதுகாற்று அடைபட்டால் மின்காப்பு கருகி, மின்கசிவைக் கண்டு சக்தியைத் துண்டிக்கும் கிரவுண்ட் ரிலே விழும். அதைத் திரும்பத் திரும்ப ரீசெட் செய்து ஓட்டினால் ஒரு மோட்டாரோடு போக வேண்டிய சேதம் இன்ஜினையே முடக்கும்.

ஓட்டிராவின் தனித்தொல்லை காற்று. 1923இல் திறந்தபோதே இது மின்சாரப் பாதை. 1997இல் கம்பிகளை எடுத்துவிட்டு டீசலுக்கு மாறினார்கள். ஐந்து டிஎக்ஸ் முழு நாட்ச்சில் (உச்ச சக்தியில்), 30 கி.மீ. வேகத்தில் ஏறினால் உள்ளே 17 நிமிடம் ஆகும். என் கணக்கில் அதற்குள் எரியும் டீசல் மொத்தம் 700 லிட்டர் வரும். முன்னால் போகும் இன்ஜின் விட்ட புகையையும் சூட்டையும் பின்னால் வருபவைதான் இழுக்க வேண்டும். சூடான காற்றில் ஆக்சிஜன் குறைவு, டர்போவுக்குப் போதாது, புகைவெப்பம் ஏறும். ரேடியேட்டரும் அதே சூட்டைத்தான் உறிஞ்சுகிறது. குளிர்விக்கும் தண்ணீரின் சூடு வரம்பைத் தொட்டால் இன்ஜின் தானே சக்தியைக் குறைக்கும். ரயில் மெதுவாகும், உள்ளே இன்னும் அதிக நேரம், இன்னும் அதிகச் சூடு.

செய்த தீர்வு அழகானது. சூடான புகை குகையின் கூரையோடு போகும், குளிர்காற்று தரையோடு தங்கும். எனவே இந்தப் பாதைக்கான சில டிஎக்ஸ்களில் காற்று உறிஞ்சும் வாயைக் கீழே இறக்கினார்கள். ஓட்டிரா வாயிலில் ஒரு கதவும் மின்விசிறியும் உண்டு. ரயில் நுழைந்ததும் பின்னால் கதவு மூடும். விசிறி புகையை உறிஞ்சும்போது ஆர்தர்ஸ் பாஸ் பக்கமிருந்து புதுக்காற்று ரயிலுக்கு எதிரே வரும். கதவு மூடாவிட்டால் விசிறி வெளிக்காற்றையே சுற்றிச் சுற்றி இழுத்துக்கொண்டிருக்கும்.

ஐந்தில் ஒன்று உள்ளே நின்றுபோனால்? மற்ற நான்கும் தலைக்கு 25 சதவீதம் கூடுதலாக இழுக்க வேண்டும், செத்த இன்ஜினின் 97.5 டன்னும் சுமையிலேயே சேர்ந்துவிடும். பிடிமானத்தில் அந்த மிச்சம் இருந்தால் ஏறும். இல்லையென்றால் நின்றுவிடும், அந்த ஏற்றத்தில் ஈரத் தண்டவாளத்தில் மறுபடி கிளப்பப் பார்ப்பதைவிட, பிரேக்கைப் பிடித்தபடி ஓட்டிராவுக்கே பின்னால் இறங்கி, சுமையைப் பிரித்துக்கொண்டு வருவதே மேல்.