கொடுவாத் தொட்டியில் வெள்ளைப் புள்ளி: மருந்தைக் கூட்டலாமா?

கேள்வி: கடல்நீர் நிரப்பிய சிமெண்ட் தொட்டிகளில் கொடுவா வளர்க்கிறேன். மீன் மேல் உப்புத்தூள் ஒட்டியதுபோல் வெள்ளைப் புள்ளி வந்தது. கடைக்காரர் கொடுத்த மருந்தை ஊற்றினேன். மூன்றாம் நாள் புள்ளி போய்விட்டது. எட்டாம் நாள் இரண்டு மடங்காகத் திரும்பிவிட்டது, மீனும் சாகிறது. மருந்தின் அளவைக் கூட்டலாமா?

பதில்: கூட்டாதீர்கள். மிச்சமிருக்கிற செவுளும் வெந்துபோகும்.

நீங்கள் சொல்வதைப் பார்த்தால் இது கிரிப்டோகேரியான் என்ற ஒருசெல் ஒட்டுண்ணி. மேல்தோலுக்கு அடியில் உட்கார்ந்து திசுவைத் தின்னும்; தண்ணீரில் ஊற்றும் மருந்து அங்கே எட்டாது. 3 முதல் 7 நாள் தின்று பெருத்ததும் தானாகவே மீனை விட்டு இறங்கிவிடும், பெரும்பாலும் விடியலுக்கு முந்தைய இருட்டில். உங்கள் தொட்டியில் புள்ளி மறைந்தது அப்படித்தான். அந்தப் பெயரை மருந்து வாங்கிக்கொண்டது. ஒட்டுண்ணி எத்தனை நாளில் இறங்கும் என்று சொல்லத் தெரியாத கடைக்காரரிடம் பாட்டில் வாங்கவே வாங்காதீர்கள்.

இறங்கியது எங்கே போயிற்று என்றுதான் நீங்கள் கேட்டிருக்க வேண்டும். தொட்டித் தரையில், வழுவழுப்பு படிந்த மூலையில், வலை முடிச்சில் ஒட்டிக் கூடு கட்டிக்கொள்கிறது. ஒரு கூட்டுக்குள் 200 ஒட்டுண்ணிக் குஞ்சு வரை பிரியும். சில கூடு மூன்றே நாளில் வெடிக்கும், சில இரண்டு மாதம் தாண்டியும் வெடிக்கும். காப்பர் மருந்து நீந்தி வரும் குஞ்சைத்தான் கொல்லும், கூட்டை ஒன்றும் செய்யாது.

அதனால் நான் நம்புவது தொட்டியைக் காயப்போடுவதைத்தான். மீன்களை மூன்று நாளுக்கு ஒருமுறை, கூடு வெடிக்கும் முன்பே, காய்ந்த தொட்டிக்கு மாற்றுங்கள். இப்படி நான்கு முறை. காலியான தொட்டியைத் தேய்த்துக் கழுவி, வெயிலில் மூலை முடுக்கெல்லாம் வெளுக்கும்வரை காய விடுங்கள். ஈரம் போனால் கூடு செத்துவிடும். வலை, வாளி, காற்றுக்குழாய் எல்லாவற்றுக்கும் இதே கதிதான். தொட்டிக்கு ஒரு வலை என்று தனியாக வையுங்கள். எத்தனை சொன்னாலும் ஒரே வலையை எல்லாத் தொட்டியிலும் முக்குகிறார்கள், நோயைக் கையோடு தூக்கிப்போவது அதுதான்.

கொடுவா நல்ல தண்ணீரிலும் வாழும் மீன் என்பது உங்களுக்கு அனுகூலம். உப்பைப் படிப்படியாக 15 பிபிடிக்கு (ஆயிரம் பங்கு தண்ணீரில் 15 பங்கு உப்பு) கீழே இறக்கி மூன்று வாரம் வைத்தால் பெரும்பாலான கூடுகள் பிழைக்காது. காற்றோட்டத்தைக் கூட்டுங்கள், தீனியைக் குறையுங்கள்.

அப்புறம், நாளைக் காலை சோர்ந்து கிடக்கும் மீன் ஒன்றின் செவுளைச் சுரண்டி நுண்ணோக்கியில் வைத்துப் பாருங்கள். கருத்த உருண்டை ஒன்று நிற்காமல் மெதுவாகச் சுழன்றால், இதுவேதான்.