முதலில் அப்பாவிடம் படியுங்கள்

கேள்வி: தர்மபுரி மாவட்டம், பென்னாகரம் பக்கத்தில் ஒரு கிராமம் எனக்கு. வயது 24. பி.காம். முடித்து ஓசூரில் ஒரு தொழிற்சாலையில் வேலை பார்க்கிறேன். அப்பா கடைப் பலகை எழுதுகிறவர். ஃப்ளெக்ஸ் வந்தபின் வேலை குறைந்துவிட்டது. ஊர்த் திரௌபதி அம்மன் திருவிழாவில் படுகளத் துரியோதனனை (பாரதப் போர் முடிவைக் காட்டத் தரையில் வடிக்கும் பெரிய உருவம்) மண்ணில் செய்கிறவர்களில் நானும் ஒருவன். சினிமாவில் கலை இயக்குநராக ஆசை. வீட்டில் பயப்படுகிறார்கள். தெரிந்தவர் ஒருவர் 50,000 ரூபாய் கொடுத்தால் பெரிய இடத்தில் சேர்த்துவிடுகிறேன் என்கிறார். கொடுக்கலாமா?

பதில்: அன்புத் தம்பி, கொடுக்காதீர்கள். உதவியாளராகச் சேர யாருக்கும் பணம் கட்டத் தேவையில்லை. பிறகு சினிமாத் தொழிலாளர் சங்க உறுப்பினர் அட்டைக்குக் கட்டணம் உண்டு; அதை அலுவலகத்தில் நீங்களே கட்டி ரசீது வாங்குவீர்கள்.

படிப்பைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1850-இல் தொடங்கிய சென்னை அரசு கவின் கலைக் கல்லூரியில் நான்கு ஆண்டுப் பட்டம் இருக்கிறது. கும்பகோணத்திலும் ஓர் அரசுக் கல்லூரி உண்டு. புனே திரைப்படக் கல்லூரியில் கலை இயக்கத்துக்கென்றே படிப்பு இருக்கிறது. ஆனால் ஓவியம், சிற்பம், கட்டிடக் கலை போன்ற பட்டம் கேட்பார்கள், பி.காம். போதாது. இனி நான்கு ஆண்டு படிக்க வீடு தாங்காது என்றால், நேராக உதவியாளராகச் சேருங்கள். அப்படி வந்தவர்கள் நிறையப் பேர்.

நான் உதவியாளராகச் சேர்ந்த புதிதில் ஒரு டீக்கடை செட் போட்டோம். பிளைவுட் சுவரைப் பழசாக்கும் வேலை எனக்கு. சுவர் முழுக்க ஒரே சீராக அழுக்கு ஏற்றி வைத்தேன். கலை இயக்குநர் வந்து பார்த்தார். "பாய்லர் எந்தப் பக்கம்? டீ ஆற்றுகிறவர் எங்கே நிற்பார்? பேப்பர் படிக்கிறவர் தலை எங்கே சாயும்?" மூன்றே கேள்விதான். மறுநாள் காலை முழுக்க வடபழனியில் ஒரு டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்தேன். பாய்லருக்கு நேர் மேலே மட்டும் கரி, மேலே போகப் போக விரிந்து மங்கியிருந்தது. பெஞ்சுக்குப் பின்னால், உட்கார்ந்தவர் தலை உயரத்தில், வட்டம் வட்டமாக எண்ணெய்ப் பிசுக்கு. கல்லாப்பெட்டியில் கை படும் விளிம்பு மட்டும் பெயின்ட் தேய்ந்து மரம் தெரிந்தது. திரும்பிப் போய்ச் சுவரை மறுபடி அடித்தேன். 1987-இல் 'நாயகன்' படத்துக்காகத் தோட்டா தரணி தாராவியைச் சென்னை ஸ்டுடியோவுக்குள் கட்டினாரே, அதில் நான் இன்றைக்கும் பார்ப்பது மனிதர்கள் புழங்கிய அடையாளத்தைத்தான். அவருக்குத் தேசிய விருதும் வந்தது.

சரி, உங்கள் அப்பாவுக்கு வருவோம். 1970-இல் நடக்கிற கதை என்றால் கடைத்தெருவில் ஒரு ஃப்ளெக்ஸ்கூடத் தெரியக் கூடாது. அத்தனை பலகையும் கையால் எழுத வேண்டும். அதிலும் 'விலை' என்று எழுதினால் லகரத்துக்கு, யானைத் தும்பிக்கைபோல் வளையும் அந்தப் பழைய ஐகாரச் சுழி வேண்டும். இப்போதுள்ள 'லை', 'னை' எல்லாம் 1978 எழுத்துச் சீர்திருத்தத்துக்குப் பிறகு பொதுப் புழக்கத்துக்கு வந்தவை. கணினியில் எழுத்துரு தேடுகிற இளைஞர்களுக்கு இது பிடிபடுவதில்லை. அப்பா தூரிகை பிடிக்கிற விதம், எனாமல் கலக்கும் பதம், நூலில் சுண்ணாம்பு தடவிக் கோடு அடிப்பது, எல்லாவற்றையும் அடுத்த ஆறு மாதத்தில் கற்றுக்கொள்ளுங்கள். கூடவே அளவுப்படி வரைபடம் போடப் பழகுங்கள். உங்கள் வீட்டுச் சமையலறையை டேப் பிடித்து அளந்து, காகிதத்தில் இறக்குங்கள்.

ஓசூர் வேலையை உடனே விடாதீர்கள். ஆறு மாதச் சென்னைச் செலவுக்குச் சேர்த்துக்கொண்டு கிளம்புங்கள். தொடக்கத்தில் சம்பளம் குறைவு. இரண்டு படங்களுக்கு நடுவில் மாதக்கணக்கில் சும்மா இருக்க நேரும். வீட்டாரின் பயம் நியாயமானது. இதை மறைக்காமல் சொல்லுங்கள். படப்பிடிப்புக்கான பொருட்களை (சினிமாவில் 'ப்ராப்பர்ட்டி' என்பார்கள்) வாடகைக்கு விடும் கடைகளில் கொஞ்ச காலம் வேலை பார்ப்பதும் நல்லது. எந்தக் காலத்து ரேடியோ, எந்தக் காலத்து நாற்காலி என்று கண்ணுக்குப் பழகும்.

அப்புறம் ஒன்று. மாதக்கணக்கில் கட்டிய செட்டை, படப்பிடிப்பு முடிந்து பேக்கப் சொன்ன மறுநாளே உடைப்பார்கள். முதல் தடவை நான் அழுதேன். உங்களுக்கு அது புதிதாக இருக்காது. வியர்வை சிந்தி வடித்த துரியோதனன், பீமன் வந்து தொடையைப் பிளந்ததும் வெறும் மண்ணாவதை வருடா வருடம் பார்க்கிறீர்கள்.

அடுத்த திருவிழாவில் மண் குவிப்பதிலிருந்து கண் திறப்பதுவரை ஒவ்வொரு கட்டத்தையும், பக்கத்தில் ஓர் ஆளை நிறுத்திப் படம் எடுத்து வையுங்கள். உருவத்தின் அளவு அப்போதுதான் தெரியும். வேலை கேட்டுப் போகும்போது முதலில் காட்ட வேண்டியவை அந்தப் படங்கள்.