ஓசு! ஸ்கின் மாற்றுதல்: கேள்விகளும் பதில்களும்

டீன் ஹெர்பர்ட் 2007இல் வெளியிட்ட 'ஓசு!' என்னும் தாள விளையாட்டின் 'ஸ்கின்' எனப்படும் தோற்றத் தொகுப்பை மாற்றுவது பற்றி வந்த கேள்விகளுக்கு இங்கே விடையளிக்கிறேன். விடைகள் அனைத்தும் 'ஸ்டேபிள்' (நிலையான) பதிப்பை ஒட்டியவை.

கேள்வி: இறக்கிய ஸ்கின் ஓஎஸ்கே கோப்பாக இருக்கிறது. அதற்குள் உள்ள படங்களை எப்படி எடுப்பது?

பதில்: அது பெயர் மாற்றிய ஜிப் கோப்புதான். நீட்சியை 'ஜிப்' என்று மாற்றிப் பிரித்துக்கொள்ளலாம். இருமுறை சொடுக்கினால் விளையாட்டே அதைத் தன் 'ஸ்கின்ஸ்' கோப்புறையில் நிறுவிவிடும். எதையும் திருத்துமுன் அந்தக் கோப்புறைக்கு ஒரு நகல் எடுத்து வையுங்கள்.

கேள்வி: ஆட்டத்தில் அடிக்க வேண்டிய வட்டமான ஹிட்சர்க்கிள் படத்துக்குச் சிவப்பு வண்ணம் தீட்டினேன். ஆட்டத்தில் சில வட்டங்கள் கறுப்பாகத் தெரிகின்றன. ஏன்?

பதில்: விளையாட்டு அந்தப் படத்தை அப்படியே காட்டுவதில்லை, அப்போதைய காம்போ நிறத்தால் (வட்டத் தொடருக்குத் தொடர் மாறிவரும் நிறத்தால்) அதைப் பெருக்கியே காட்டுகிறது. சிவப்பைப் பச்சையால் பெருக்கினால் மிஞ்சுவது கறுப்பு. இது புரியாமல் நானும் ஒரு மாலை முழுவதையும் வீணாக்கியிருக்கிறேன். ஆகவே ஹிட்சர்க்கிள் வெள்ளையாகவோ சாம்பலாகவோ இருக்கட்டும்; நிறம் மாறாமல் நிற்க வேண்டிய விளிம்பையும் அலங்காரத்தையும், காம்போ நிறம் தீண்டாத ஹிட்சர்க்கிள்ஓவர்லே படத்தில் வரையுங்கள். காம்போ நிறங்களை, எட்டு வரை, ஸ்கின்.ஐஎன்ஐ என்னும் அமைப்புக் கோப்பில் எழுதலாம். அதில் ஒரு விந்தை உண்டு: ஆட்டம் 'காம்போ2' நிறத்தில் தொடங்கும், 'காம்போ1' சுற்றின் இறுதியில்தான் வரும். கோப்பைச் சேமித்தபின் கன்ட்ரோல், ஆல்ட், ஷிஃப்ட், எஸ் விசைகளைச் சேர்த்து அழுத்தினால், விளையாட்டை மூடாமலே மாற்றத்தைக் காணலாம்.

கேள்வி: பெரிய திரையில் வட்டங்கள் மங்கலாக உள்ளனவே?

பதில்: 128 பிக்சல் படம் மட்டும் இருந்தால் அது இழுத்துப் பெரிதாக்கப்படும். பெயரின் இறுதியில் '@2எக்ஸ்' சேர்த்த 256 பிக்சல் படத்தையும் வையுங்கள். பெரியதை முதலில் வரைந்து, அதிலிருந்து சிறியதைச் சுருக்கி எடுப்பதே முறை.

கேள்வி: வட்டத்தைச் சரியாக அடித்தால் தோன்றும் 300 என்னும் மதிப்பெண் குறி கண்ணை மறைப்பதால் அந்தப் படத்தை அழித்தேன். பழைய இயல்புப் படம் வந்து நிற்கிறது.

பதில்: படம் இல்லாத இடத்தை விளையாட்டு தன் சொந்தப் படத்தால் நிரப்பிக்கொள்ளும். அழிக்காமல், அதே பெயரில் 1×1 பிக்சல் அளவுள்ள முழுதும் ஒளிபுகும் பிஎன்ஜி படத்தை வையுங்கள். 100, 50, தவறு ஆகியவற்றின் குறிகளை மட்டும் மறைக்காதீர்கள். எங்கே சறுக்கினோம் என்பதை அவைதாம் காட்டுகின்றன.

கேள்வி: சில பாடல்களில் மட்டும் என் ஸ்கின் மறைந்துவிடுகிறது.

பதில்: அந்த பீட்மேப்புகள் (பாடலுக்கேற்ப வட்டங்களை அமைத்த ஆட்டக் கோப்புகள்) தமக்கெனச் சொந்த ஸ்கின் கொண்டவை. அமைப்புகளில் பீட்மேப் ஸ்கின்களைப் புறக்கணிக்கும் தெரிவை இயக்கினால், எல்லாப் பாடல்களிலும் உங்கள் ஸ்கினே வரும்.