உடைந்த சாரீரம் – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

வணக்கம். ஐரோப்பியப் பாட்டுப் போட்டிகளைப் பற்றிய உங்கள் கட்டுரையில் போர்ச்சுகல் பாடகி சிமோன் டி ஒலிவெய்ராவின் பெயரை ஒரே வரியில் சொல்லிவிட்டுக் கடந்துவிட்டீர்கள். பெயர் மனத்தில் நின்றதால் தேடிப் பார்த்தேன். 2022ஆம் ஆண்டு, தம் 84ஆம் வயதில், லிஸ்பனில் அவர் மேடையிலிருந்து விடைபெற்ற நிகழ்ச்சியின் சில துண்டுகள் பார்க்கக் கிடைத்தன. குரல் கரகரத்துத் தாழ்ந்திருக்கிறது. பல இடங்களில் பாட்டு பேச்சாகவே ஆகிவிடுகிறது. ஆனாலும் அந்தக் கூட்டம் அவரைக் கொண்டாடுகிறது. எனக்கு அது புரியவில்லை.

நடுவில் குரலை இழந்தார் என்றும், பிறகு நாடகங்களிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் நடித்தார் என்றும் படித்தேன். பாட்டில் இடம் போனவர்கள் தொடரில் வந்து உட்காருவது எல்லா ஊரிலும் நடப்பதுதானே? இதை ஒரு சறுக்கல் என்று எடுத்துக்கொள்ளலாமா? 1969இல் யூரோவிஷன் என்ற ஐரோப்பியப் போட்டியில் கடைசி இடம் பெற்ற ஒரு பாட்டுக்காகவா அவரை இன்றுவரை நினைவில் வைத்திருக்கிறார்கள்? நேரமிருந்தால் எழுதுங்கள்.

அன்புடன்,
கே.

அன்புள்ள கே.,

கடைசிக் கேள்வியில் ஒரு சிறு பிழை இருக்கிறது. அதைத் திருத்திவிட்டுத் தொடங்குகிறேன். 1969 மார்ச் 29 அன்று மாட்ரிட் நகரில் நடந்த போட்டியில் 16 நாடுகள் பாடின. போர்ச்சுகல் 4 புள்ளிகளுடன் 15ஆம் இடத்தில் நின்றது. கடைசி இடம் நார்வேக்கு. அந்த ஆண்டு ஸ்பெயின், பிரிட்டன், நெதர்லாந்து, பிரான்சு ஆகிய நான்கும் தலா 18 புள்ளிகள் பெற்றன. சமன் வந்தால் என்ன செய்வது என்று விதியில் எழுதப்பட்டிருக்கவில்லை என்பதால் நால்வரையும் வென்றவர்களாக அறிவித்தார்கள். இந்தக் கேலிக்கூத்தின் தொடர்ச்சியாக மறு ஆண்டு போர்ச்சுகல் உள்ளிட்ட சில நாடுகள் போட்டிக்கே வரவில்லை. ஆனால் 15ஆம் இடத்தோடு ஊர் திரும்பிய சிமோனை வரவேற்க லிஸ்பனின் சாந்தா அப்போலோனியா ரயில் நிலையத்தில் பெருங்கூட்டம் திரண்டிருந்தது. தோற்றவரை வரவேற்க ஒரு நகரம் ஏன் ரயிலடிக்குப் போக வேண்டும் என்பதில்தான் உங்கள் மற்ற கேள்விகளுக்கும் விடை இருக்கிறது.

சிமோன் 1938 பிப்ரவரி 11 அன்று லிஸ்பனில் பிறந்தவர். 19 வயதில் திருமணம் செய்துகொண்டார். அது விரைவிலேயே முறிந்தது. மனச்சோர்வில் விழுந்த அவரை, மனத்தை வேறு எதிலாவது திருப்பும்படி மருத்துவர் சொல்ல, அரசு வானொலியான எமிசோரா நாசியோனால் கலைஞர்களைப் பயிற்றுவிக்க நடத்திய மையத்தில் போய்ச் சேர்ந்தார். பாட்டு அவருக்கு மருந்தாக எழுதிக் கொடுக்கப்பட்டது என்றே சொல்லலாம். 1958இல் லிஸ்பனின் இம்பேரியோ திரையரங்கில் நடந்த போர்த்துகீசியப் பாட்டுவிழாவில் முதன்முதலாக மக்கள் முன் பாடினார். அந்நாட்டின் தொலைக்காட்சி தன் வழக்கமான ஒளிபரப்பைத் தொடங்கியது 1957 மார்ச்சில்தான். ஆக, அந்தப் பெட்டியும் அவரும் ஒன்றாகவே வளர்ந்தார்கள். அறுபதுகளில் அவருக்கும் மதலேனா இக்லேசியாஸ் என்ற பாடகிக்கும் இடையே பத்திரிகைகள் ஒரு போட்டியை மூட்டி வளர்த்தன. ரசிகர்கள் இரண்டு கட்சியாகப் பிரிந்து நின்றார்கள்.

1965இல், ஐரோப்பியப் போட்டிக்கு அனுப்பும் பாட்டைத் தேர்ந்தெடுக்கும் தேசியப் போட்டியில் அவர் வென்ற பாட்டு, குளிர்காலச் சூரியனைப் பற்றியது. இழைத்து மெருகேற்றிய பாட்டு. எந்த ஆட்சிக்கும் அதனால் தொந்தரவில்லை. அக்காலத்து இத்தகைய மெல்லிசையைப் பிற்காலத்தவர் 'நாசியோனால் கான்சோனெத்திஸ்மோ' என்று ஏளனமாகக் குறிப்பிட்டார்கள். அரசின் நிழலில் வளர்ந்த சொகுசுப் பாட்டு என்பது அதன் உட்பொருள். நேப்பிள்ஸ் நகரில் நடந்த ஐரோப்பியப் போட்டியில் அதற்குக் கிடைத்தது ஒரே ஒரு புள்ளி. முந்தைய ஆண்டு போர்ச்சுகல் பெற்றது பூச்சியம் என்பதால் அதையும் முன்னேற்றம் என்று எண்ணி ஆறுதல் அடைந்திருப்பார்கள். அந்தப் பதிவைக் கேட்டால் நீங்கள் 2022இல் கேட்ட குரலா இது என்று திகைப்பீர்கள்: தெளிவான, நிமிர்ந்த, எங்கும் பிசிறில்லாத குரல். எனக்கு அந்தக் குரல் பிடிக்கும். ஆனால் அந்தக் குரலோடு மட்டும் அவர் நின்றிருந்தால் இன்று இந்தக் கடிதத்துக்குத் தேவை இருந்திருக்காது.

1969இல் அவர் பாடியது 'தெஸ்ஃபொல்யாதா போர்த்துகேசா'. தெஸ்ஃபொல்யாதா என்பது மக்காச்சோளக் கதிர்களின் மட்டையை ஊரே களத்தில் கூடி உட்கார்ந்து உரிக்கும் வேலை. இரவில் பாட்டும் கேலியுமாக நடக்கும் அறுவடைக் காலச் சடங்கு என்றும் சொல்லலாம். உரிக்கும்போது சிவப்பு மணிகள் கொண்ட கதிர் யாருக்குக் கிடைக்கிறதோ அவர் அங்கிருக்கும் எல்லோரையும் அணைத்து முத்தமிடலாம் என்பது வழக்கம். இறுக்கமான கத்தோலிக்கக் கிராமங்களில் இளைஞர்களும் பெண்களும் ஒருவரையொருவர் தொடுவதற்குக் கிடைத்த ஊரறிந்த வாய்ப்பு அது. கவிஞர் ஆரி தோஸ் சாந்தோஸ் இதைத் தேர்ந்தெடுத்தது தற்செயலாக இருக்க முடியாது. இசை நூனோ நசரே ஃபெர்னாந்தெஸ்.

பாட்டின் ஓரிடத்தில் களமும், ஆகஸ்டு நிலவும், புளிக்கத் தொடங்கும் திராட்சைச் சாறும், உடலும் அடுத்தடுத்து வருகின்றன. சாறு, நிலவின் மாதம் எல்லாம் ஒரே இயைபில் முடிந்துகொண்டே வர, அந்த இயைபு கடைசியில் 'கோஸ்டு' என்ற சொல்லில் போய் இறங்குகிறது. விருப்பம், சுவை, இன்பம் என்று மூன்று பொருளும் தரும் சொல். பிள்ளையைப் பெறுகிறவர் அதை இன்பத்தோடுதான் செய்கிறார் என்பது அந்த அடியின் கருத்து. நம் மரபில் இயைபுத் தொடை என்போமே, அதன் வேலை இங்கே ஓசை இனிமை மட்டுமன்று. கேட்பவரின் காது அந்தச் சொல்லை எதிர்பார்த்துக் காத்திருக்கிறது. வந்ததும் மறுக்க முடியாதபடி அது வந்து உட்காருகிறது. அச்சேறுவதும் ஒலிபரப்பாவதும் முன்கூட்டியே தணிக்கையின் நீலப் பென்சிலைத் தாண்டியாக வேண்டிய நாடு அது. 1968 செப்டம்பரில், நெடுங்காலம் ஆண்ட சர்வாதிகாரி சலசாரின் இடத்துக்கு மார்செலோ கயத்தானோ வந்தபின் சற்றே தளர்வு தெரிந்தது. அந்தத் தளர்வின் இடைவெளியில் இந்த அடி தொலைக்காட்சிக்குள் நுழைந்துவிட்டது.

அடியை எழுதியவர் கவிஞர்தான். ஆனால் வசை விழுந்தது பாடியவர் மேல். அதற்குக் காரணம், பாடியவர் யார் என்பது எல்லோருக்கும் தெரிந்திருந்ததுதான். கணவரை விட்டுப் பிரிந்தவர், இரண்டு பிள்ளைகளின் தாய், 31 வயது. அன்றைய சட்டத்தில், திருமணமான பெண் கணவரின் அனுமதி இல்லாமல் நாட்டு எல்லையைக் கடக்க முடியாது. அந்த விதி நீங்கியதே 1969இன் பிற்பகுதியில்தான். கத்தோலிக்க முறையில் மணந்தவர்களுக்கு விவாகரத்து என்பது 1940ஆம் ஆண்டு வாத்திகனுடன் செய்த உடன்படிக்கையின்படி கிடையாது. சர்வாதிகாரத்தை வீழ்த்திய 1974ஆம் ஆண்டுப் புரட்சி நடந்து முடிந்து 1975இல்தான் அது மாறியது. அப்படிப்பட்ட நாட்டில், வீடு வீடாக மக்கள் அமர்ந்து பார்க்கும் பெட்டிக்குள் நின்று, இப்படிப்பட்ட ஒரு பெண் அந்த அடியைத் தலை நிமிர்ந்து பாடினார். அதே பாட்டை ஓர் ஆண் பாடியிருந்தாலோ, கன்னிப் பெண் ஒருத்தி கண் தாழ்த்திப் பாடியிருந்தாலோ அது ஒரு நாட்டுப்புறக் காட்சியாகக் கடந்து போயிருக்கும் என்பது என் எண்ணம். ஒரு சொல்லை யார் வாயில் வைப்பது என்பது நாடகக்காரர்களின் கவலை. அந்த வகையில் 1969இன் அந்தப் பாட்டே அவருடைய முதல் பெரிய நடிப்பு என்று நான் நினைக்கிறேன். ரயிலடிக்குக் கூட்டம் வந்தது அதற்காகத்தான்.

அதன்பின் சில காலத்திலேயே அவர் குரல் போயிற்று. பாடகிக்குக் குரல் போவது, நம்மிடம் சொல்லும் சொல்லில் சொன்னால், சரீரம் இருக்கச் சாரீரம் போவது. ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் பாட முடியவில்லை. பத்திரிகையில் எழுதினார், வானொலியில் பேசினார், நிகழ்ச்சிகளைத் தொகுத்து வழங்கினார். பிள்ளைகளை வளர்க்க வேண்டியிருந்தது. குரல் திரும்பி வந்தபோது அது பழைய குரலாக இல்லை. கீழே இறங்கி, தடித்து, ஓரங்கள் முரடாகி வந்தது. 1973இல் மீண்டும் தேசியப் போட்டி மேடையில் ஏறினார். பழைய உச்சங்களை எட்டிப் பிடிக்க முயன்று தோற்பதைவிட, கைவசம் உள்ள கீழ்த்தளத்தில் நின்றுகொண்டு ஒவ்வொரு சொல்லையும் அதன் எடையோடு எடுத்து வைப்பது என்று அவர் முடிவெடுத்தார் என்பது பதிவுகளைக் கேட்டாலே தெரிகிறது. இழுக்க முடியாத இடத்தில் நிறுத்தினார். நிறுத்திய இடத்தில் பொருள் வந்து நின்றது. மூச்சு முட்டும் இடங்களைக்கூட அவர் ஒளிப்பதில்லை.

போர்த்துகீசிய மொழியில் பாடுபவரையும் நடிப்பவரையும் ஒரே சொல்லால் குறிப்பதுண்டு: 'இண்டெர்ப்ரெத்தெ'. பிறர் எழுதியதைத் தன் உடம்பால் பொருள்படுத்திக் காட்டுபவர் என்று அதை விரிக்கலாம். சிமோனைப் பற்றிப் பேசும் அந்நாட்டவர் பாடகி என்பதைவிட இந்தச் சொல்லையே விரும்பி எடுப்பதைக் கவனித்திருக்கிறேன். அந்தச் சொல்லை ஏற்றுக்கொண்டால் உங்கள் 'சறுக்கல்' என்ற கேள்விக்கு இடமில்லாமல் போகிறது. அவர் ஒரு தொழிலிலிருந்து இன்னொன்றுக்கு இறங்கவில்லை. ஒரே தொழிலைத்தான் வேறு அறைகளில் செய்தார்.

நாடக நடிகரும் இயக்குநருமான வரேலா சில்வாவுடன் அவர் வாழ்ந்தார். 1995இல் வரேலா சில்வா மறையும்வரை அந்த வாழ்க்கை நீடித்தது. தொண்ணூறுகளில் லிஸ்பனின் பொலித்தேயாமா அரங்கில் பெரிய இசைநாடகங்களில் நடித்தார். தொலைக்காட்சித் தொடர்கள் இதற்கிடையே அந்நாட்டின் அன்றாட உணவாகிவிட்டிருந்தன. 1977இல் பிரேசிலிலிருந்து வந்த 'கபிரியேலா' தொடர்தான் மக்களை மாலை வேளையில் வீட்டில் கட்டிப்போட்டது. 1982இல் 'வில்லா ஃபாயா' என்ற முதல் சொந்தத் தொடரை அரசுத் தொலைக்காட்சி எடுத்தது. ஒயின் வணிகம் செய்யும் ஒரு குடும்பத்தின் கதை. 2008இல் அதை மறுபடி எடுத்தபோது அந்தக் குடும்பத்தின் மூத்த பெண்மணியாக நடித்தவர் சிமோன். அங்கே நடிப்பவருக்கு வேறொருவர் குரல் கொடுக்கும் வழக்கம் இல்லை. எனவே, ஒரு காலத்தில் நாட்டையே அதிரவைத்துப் பின் உடைந்துபோன அதே குரல்தான், குடும்பத் தலைவியின் அதட்டலாகவும் முணுமுணுப்பாகவும் கூடத்துக்குள் வந்தது. பார்த்தவர்களில் மூத்தவர்களுக்கு அந்தக் குரலின் வரலாறு தெரியும். எழுதப்பட்ட வசனத்தைவிட அது கூடுதலாகச் சொல்லியிருக்கும்.

அவர் நடித்த தொடர்கள் எல்லாம் கலைப் படைப்புகள் என்று நான் வாதிட மாட்டேன். நாள்தோறும் ஒளிபரப்பாகும் தொடர் ஓர் ஆலை. அங்கே எல்லாம் வேகமாகத்தான் நடக்கும், அழுகைக் காட்சி உட்பட. பல நல்ல நடிகர்கள் அங்கே தேய்ந்துபோயிருக்கிறார்கள். சிமோனைத் தேயாமல் காத்தது அவருடைய சோம்பல் போன்ற ஒரு நிதானம் என்று எனக்குத் தோன்றுவதுண்டு. எதிரில் இருப்பவர் எவ்வளவு கொட்டினாலும் அவர் அவசரப்படுவதில்லை.

1988இல் அவருக்கு மார்பகப் புற்றுநோய் வந்தது; மார்பகம் அகற்றப்பட்டது. பெண்கள் அந்த நோயின் பெயரையே தாழ்ந்த குரலில் சொன்ன காலத்தில் அவர் அதைப் பற்றி வெளிப்படையாகப் பேசினார். முன்பு ஒரு பாட்டில் உடலின் இன்பத்தைச் சொன்ன அதே வாய் பின்பு உடலின் இழப்பையும் சொன்னது. போர்த்துகீசியப் பெண்கள் பலர் அவரை ஒரு கலைஞராக மட்டும் பார்ப்பதில்லை என்பதற்கு இது முக்கியமான காரணம் என்று நினைக்கிறேன்.

2015இல், 77 வயதில், மீண்டும் தேசியப் பாட்டுப் போட்டியில் ஒரு புதுப் பாட்டோடு வந்து நின்றார். வெல்லவில்லை. வென்று மாற்ற வேண்டிய எதுவும் அவருக்கு அப்போது இல்லை. 2022 மார்ச்சில் கொலிசேவு அரங்கில் விடைபெற்றார். நீங்கள் பார்த்த துண்டுகள் அங்கே எடுக்கப்பட்டவை. பாட்டு பேச்சாகிவிடுகிறது என்று குறையாக எழுதியிருந்தீர்கள். அந்த அரங்கில் இருந்தவர்கள் அதைக் குறையாகக் கேட்டிருக்க மாட்டார்கள். அவர்களுக்கு எழுத்துக்கு எழுத்து தெரிந்த பாட்டுகள் அவை. மெட்டை அவர்களே மனத்துக்குள் நிரப்பிக்கொள்வார்கள். அவரிடமிருந்து அவர்களுக்குத் தேவைப்பட்டது சொல் மட்டுமே.

நீங்கள் தொடங்க வேண்டிய இடம் 2022 அல்ல. முதலில் 1965இன் பதிவைக் கேளுங்கள், குரலுக்காக. பிறகு மாட்ரிட் மேடைப் பதிவைப் பாருங்கள். நீண்ட பச்சை உடையில் நிற்பார். மொழி தெரியாவிட்டாலும் 'மோஸ்டு', 'ஆகோஸ்டு', 'கோஸ்டு' என்ற மூன்று சொற்களை மட்டும் மனத்தில் வைத்துக்கொண்டால் போதும். அந்த மூன்றாவது சொல் வரும்போது அவர் முகத்தைப் பாருங்கள். அதன்பிறகு 2015க்கு வாருங்கள். விடைபெற்ற நிகழ்ச்சியை மறுபடி பார்த்துவிட்டு, அப்போதும் புரியவில்லை என்றால் எழுதுங்கள்.

அன்புடன்.